ஒரே அட்டையில் இரண்டு பெயர்

முகாமில் அவளை எல்லோரும் 'அக்கா' என்றுதான் கூப்பிட்டார்கள். அவளைவிட இருபது வயது மூத்தவர்களும் அப்படித்தான். நானும் ஒருமுறை வாய் தவறி அப்படிக் கூப்பிட்டு, கூட வந்த அதிகாரியிடம் வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறேன். ஒரு தம்பிக்கு அக்கா என்பதற்கு மேல் அவளைப் பற்றிச் சொல்ல ஒன்றும் இல்லை என்று எல்லோரும் முடிவு கட்டியிருந்தார்கள். அந்தத் தம்பியை மட்டும் முகாமில் ஒருவரும் பார்த்தது கிடையாது.

அருப்புக்கோட்டையிலிருந்து திருச்சுழி போகிற பாதையில் இடப்பக்கம் ஒரு மண் ரோடு பிரியும். பேருக்குக் கண்மாய் என்று ஒன்று வரும். அதன் கரையேறி இறங்கி, சீமைக்கருவேலங்காட்டைத் தாண்டினால் முகாம். கடலுக்கு அந்தப்பக்கம் சண்டை மறுபடியும் மூண்ட வருஷம், படகில் வந்து கரையேறிய சனங்களை லாரி லாரியாகக் கொண்டுவந்து இங்கே இறக்கினார்கள். கடலை மட்டுமே பார்த்து வளர்ந்தவர்களைக் குடிக்கிற தண்ணீருக்கே மல்லுக்கட்டுகிற ஊரில் கொண்டுவந்து விட்ட புத்திசாலி யாரென்று எனக்குத் தெரியாது. நான் அப்போது வேலைக்குச் சேர்ந்து ஆறு மாதமே ஆன குமாஸ்தா. மாதம் இரண்டு முறை ஆர்.ஐ.யோடு, அதாவது வருவாய் ஆய்வாளரோடு, முகாமுக்குப் போய்த் தலை எண்ண வேண்டும். அதற்குச் செக்கிங் என்று பெயர்.

செக்கிங் அன்றைக்கு எல்லாரும் அவரவர் வாசலில், அரிசி வாங்குகிற குடும்ப அட்டையோடு நிற்க வேண்டும். ஆர்.ஐ. பெயரைப் படிப்பார், ஆள் குரல் கொடுக்கும், நான் பதிவேட்டில் டிக் அடிப்பேன். நேரில் நிற்காத பெயரை வெட்டிவிடலாம். வெட்டிய பெயரை மறுபடி சேர்ப்பது குதிரைக்கொம்பு. மற்ற வாசல்களில் ஒவ்வொருவராக "இருக்கிறன் ஐயா" என்பார்கள். இவள் மட்டும் எடுத்த எடுப்பிலேயே இரண்டு பேருக்கும் சேர்த்து, "இருக்கிறம் ஐயா" என்பாள். அப்போது அவளுக்கு ஒன்பது வயது. பெற்றவர்கள் துணை இல்லாமல் வந்த பிள்ளைகள் என்பதால், அதே படகில் வந்த பக்கத்து வீட்டு மாமியின் பொறுப்பில் தனி அட்டை கொடுத்திருந்தார்கள். அக்கா, வயது ஒன்பது. தம்பி, வயது நான்கு.

முதல் தடவை, "தம்பி எங்க?" என்று ஆர்.ஐ. கேட்டார்.

"வெளிக்குப் போயிருக்கிறான் ஐயா."

அடுத்த தடவை காய்ச்சல், மாமியோடு ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறான் என்றாள். மாமி அடுத்த வாசலில்தான் நின்றுகொண்டிருந்தார். மூன்றாம் தடவை ஆர்.ஐ.க்குக் கோபம் வந்துவிட்டது.

"ஏ பிள்ள, அடுத்த தடவ அந்தப் பய நேர்ல நிக்கணும். இல்லேன்னா பேர வெட்டிருவேன், சொல்லிட்டேன்."

அடுத்த தடவை மூக்கு ஒழுகிக்கொண்டு ஒரு பையன் அவள் பக்கத்தில் நின்றான். அவன் கையை அவள் கெட்டியாகப் பிடித்திருந்தாள். நான் டிக் அடித்தேன். அதற்கு அடுத்த தடவையும் பையன் நின்றான். ஆனால் போன தடவை காது குத்தியிருந்த பையனுக்கு இந்தத் தடவை காதில் துளையே இல்லை. நான் அவளைப் பார்த்தேன், அவளும் என்னைப் பார்த்தாள். ஒன்பது வயதுப் பிள்ளை கண்ணைக்கூடத் தாழ்த்தவில்லை. நான் குனிந்து டிக் அடித்துவிட்டு அடுத்த வாசலுக்குப் போனேன். இரக்கப்பட்டேன் என்று சொல்லிக்கொள்ள ஆசைதான், ஆனால் உண்மை அதில்லை. மண்டையைப் பிளக்கிற வெயில், இன்னும் அறுபது வீடு பாக்கி, அவ்வளவுதான்.

பிறகு அது பழகிவிட்டது. முகாமில் தாய்மார்கள் உழக்குச் சீனி கொடுப்பதுபோல் அவளுக்குப் பிள்ளையைக் கொடுத்தார்கள். அவள் அதில் படு கறார். தம்பி பிறந்த மாதம் வந்ததும் ஆளை மாற்றிவிடுவாள், ஒரு வயது கூடின பையனாகப் பார்ப்பாள். அவனுக்கு ஆறு நடந்தபோது முன்பல் விழுந்த பையனாகத் தேடிப் பிடித்துக் கொண்டுவந்து நிறுத்தினாள். பத்து வயதில் நின்றவன் நல்ல கறுப்பு, பதினொன்றில் நின்றவன் சிவப்பு. நான் ஆர்.ஐ.யின் காதில், "பய வெளுத்துட்டான் சார்" என்றேன். அவர் சிரித்துவிட்டு, "நாடு மாறுனா நெறமும் மாறும்யா, எழுது" என்றார். நாங்கள் சிரித்தோம். அதை நினைத்தால் இன்றைக்கு எனக்கு என்மேலேயே அருவருப்பாக இருக்கிறது.

அவளுக்குப் பதினைந்து வயதிருக்கும்போது நானாக ஒரு நாள் வாயைக் கொடுத்தேன். அன்றைக்கு வேறு ஏதோ எரிச்சல்.

"ஏத்தா, இல்லாத ஆளு பேர்ல மாசா மாசம் அரிசி வாங்கித் திங்கியே, ஒனக்கே இது நியாயமாப் படுதா?"

மாமிதான் குழம்புக் கரண்டியோடு வெளியே வந்தார். "ஐயா, அந்த அரிசியில ஒரு மணியக்கூட அவள் தொடுறேல்லை. எந்தப் பெடியன் வந்து நிண்டானோ அந்த வீட்டுக்குப் போயிடும். வேணுமெண்டா ஒவ்வொரு வீடாக் கேட்டுப் பாருங்கோ."

"அப்ப எதுக்கு இந்தக் கூத்து?"

அதற்குத்தான் அவள் வாயைத் திறந்தாள். எங்களிடம் பேசும்போது எங்கள் ஊர்ப் பேச்சே அவளுக்கு வந்துவிடும். வாரேன், போறேன் என்று அச்சு அசலாகப் பேசுவாள். தம்பியைப் பற்றிப் பேச்சு வந்தால் மட்டும் கடலுக்கு அந்தப்பக்கத்துப் பேச்சு வந்துவிடும்.

"பேர வெட்டிப் போட்டா, அவன் வந்து எங்க நிப்பான் ஐயா? அட்டையில பேர் இருந்தாத்தானே உள்ள விடுவினம்?"

எங்கள் சட்டப்படி அவள் சொன்னது நூற்றுக்கு நூறு சரி. அவளுக்குப் பைத்தியம் என்று சிலர் சொன்னார்கள். பைத்தியமெல்லாம் இல்லை. தம்பி பக்கத்தில் இல்லை என்பது அவளுக்கு எங்களைவிட நன்றாகத் தெரியும். அவன் வந்தால் வாசலில் யாரும் தடுத்துவிடக் கூடாது என்பதைத் தவிர அவளுக்கு வேறு கவலையே இல்லை.

படகில் வந்த கதையை அவள் என்னிடம் சொன்னது பிறகு நாலைந்து வருஷம் கழித்து. அருப்புக்கோட்டையில் ஒரு விசைத்தறிப் பட்டறையில் நூல் சுற்றுகிற வேலைக்கு அவள் போய்க்கொண்டிருந்தாள். காலை பஸ்ஸில் நானும் சில நாள் போவேன். அவள் ஒரு கையால் மட்டும் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்பாள். இன்னொரு கை கீழே தொங்கும், விரல்கள் லேசாக விரிந்திருக்கும். பட்டறையில் இரண்டு கையும் நாலு கை வேலை பார்க்கும் என்று முதலாளியே சொல்வார். ஏதாவது ஒன்றைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டுமானால் மட்டும் ஒரு கைதான்.

ஒரு நாள் ஆட்டுக்கூட்டம் குறுக்கே வந்து டிரைவர் பிரேக்கை மிதித்தார். எல்லோரும் தள்ளாடி நின்றுவிட்டோம். இவள் மட்டும் நேராகப் போய் முன்னால் இருந்த இரும்புத் தடுப்பில் மோதினாள். முன்பல் பாதி உடைந்து, வாயெல்லாம் ரத்தம். கண்டக்டருக்குப் பயத்தில் கோபம் வந்துவிட்டது.

"ரெண்டு கையாலயும் பிடிச்சா என்னம்மா? ஒரு கைய என்ன வாடகைக்கா விட்டுருக்க?"

"பிடிக்க மாட்டன்" என்றாள். அவ்வளவு ரத்தத்திலும் அது தெளிவாகக் கேட்டது.

பஸ் ஸ்டாண்டில் இறக்கி, சோடாக்கடை பெஞ்சில் உட்கார வைத்து, ஐஸ் வாங்கிக் கொடுத்தேன். ஏன் பிடிக்க மாட்டாய் என்று கேட்டேன். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டே சொன்னாள்.

"அப்பாவப் பிடிச்சுக்கொண்டு போயிட்டினம் ஐயா. அவர் வந்தாப் பிறகு வாறன், நீங்க முன்னுக்குப் போங்கோ எண்டு அம்மா எங்கள அனுப்பினவ. ஆர் கேட்டாலும் ரெண்டு பேர் எண்டு சொல்லு, தம்பின்ட கைய விட்டிடாத, இந்த ரெண்டும்தான் சொன்னவ. கழுத்தளவு தண்ணி. ரெண்டு படகு பக்கத்துப் பக்கத்துல. என்னை ஒராள் தூக்கிப் படகுல வச்சது. தம்பி இன்னொராளின்ட தோளில. அவன்ட கை என்ட கையிலதான் இருந்தது. அலை வந்து படகு சரிஞ்சிட்டுது. படகுக்காரர், பிள்ளை ரெண்டு கையாலயும் பிடி எண்டு கத்தினார். பிடிச்சன் ஐயா. அந்தப் பலகைய ரெண்டு கையாலயும் பிடிச்சன். திரும்பிப் பாக்க அவன மற்றப் படகுல போட்டிட்டினம். அழுதுகொண்டிருந்தான். ரெண்டு படகும் ஒண்டாத்தான் வெளிக்கிட்டது. விடியப் பாத்தா எங்கட படகு மட்டும்தான் நிண்டது."

கரையில் பெயர் எழுதியவர் எத்தனை பேர் என்று தலையைத் தூக்காமல் கேட்டிருக்கிறார். அம்மா சொல்லிக்கொடுத்தபடி, ரெண்டு பேர் என்றிருக்கிறாள். இரண்டாவது படகு பின்னால் வந்துவிடும் என்றுதான் அன்றைக்கு அவள் நினைத்தாள். அம்மாவும் வரவில்லை. அந்தக் கரையிலேயே ஷெல் குண்டு விழுந்து போய்விட்டாள் என்று இரண்டு வருஷம் கழித்து வந்த ஒருவர் சொன்னார். அப்பாவைப் பற்றித் தகவலே இல்லை. சொல்லி முடித்துவிட்டு, பட்டறைக்கு நேரமாகிவிட்டது என்று எழுந்து போனாள். நான் ஆபீஸுக்குப் போய் அன்றைக்கு ஒரு வேலையும் பார்க்கவில்லை.

கல்யாணப் பேச்சும் ஒருமுறை வந்தது. இன்னொரு முகாமில் பெயின்ட் அடிக்கிற பையன், நல்ல பையன். கட்டிக்கொண்டால் இவள் பெயர் அவன் அட்டைக்கு மாறும். தம்பி பெயரும் கூடவே வரவேண்டும் என்றாள். "வராத ஆளுக்கு எங்கட அட்டையில ஏன் இடம்?" என்றாராம் மாப்பிள்ளையின் அம்மா. பரிசம் போட்ட சேலையை மறுநாளே மடித்துக் கொடுத்தனுப்பிவிட்டாள். மாமி தலையிலடித்துக்கொண்டு அழுதார். அந்த வருஷக் கடைசியில் மாமியும் போய்விட, அந்தப் பத்துக்குப் பத்து அறையில் அவளும் அட்டையும் மட்டும் மிச்சம்.

இனிச் சொல்லப் போவதை என் மனைவியிடம்கூட நான் வெகுகாலம் சொன்னதில்லை.

மாமி இறந்த சில மாதங்களில் என் மேஜைக்கு ஒரு கடிதம் வந்தது. மேற்கே ஒரு ஊரில் இருந்த அனாதைப் பிள்ளைகள் விடுதியின் வார்டன் எழுதியது, பல ஆபீஸ்கள் சுற்றி எங்களிடம் வந்திருந்தது. விடுதியில் பதினாறு வயதுப் பையன் ஒருவன் இருக்கிறான். நாலு வயதில் கடல் நடுவே ஒரு மணல் திட்டில் இறக்கிவிடப்பட்டு, காய்ச்சலோடு கரை சேர்ந்தவன். தன் பெயரைக்கூடச் சரியாகச் சொல்லத் தெரியாததால் விடுதியில் வேறு பெயர் வைத்திருக்கிறார்கள். அவனுக்கு ஓர் அக்கா உண்டு, வேறு படகில் போனாள். உங்கள் முகாமில் தம்பியைப் பறிகொடுத்த பெண் யாராவது இருந்தால் தெரிவிக்கவும். கீழே ஒரு வரி தனியாக இருந்தது: "அக்கா என் கையை விட்டுவிட்டுப் பலகையைப் பிடித்துக்கொண்டாள் என்பதை மட்டும் திரும்பத் திரும்பச் சொல்கிறான்."

நான் பதிவேட்டை எடுத்தேன். அக்கா பெயர் இருந்தது. கீழே தம்பி பெயர் இருந்தது. அதற்கு நேராகப் பன்னிரண்டு வருஷத்து டிக், ஒன்றுகூட விடுபடாமல், எல்லாம் என் கையால் போட்டது. பதிவேட்டின்படி இந்தப் பெண் தம்பியைப் பறிகொடுக்கவில்லை. தம்பி அவளோடு சௌக்கியமாக வளர்ந்து வருகிறான்.

எனக்குப் புரியாமல் இல்லை. அந்த ஒரு வரியைப் படித்தபோதே சோடாக்கடை பெஞ்சில் அவள் சொன்னது ஞாபகம் வந்துவிட்டது. ஆனால் அந்தச் சமயத்தில்தான் முகாம்களில் போலிப் பெயர்களைப் பிடிக்கிறோம் என்று மேலிருந்து வந்து குடைந்துகொண்டிருந்தார்கள். என்னோடு வேலை பார்த்த ஒருவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். என் மகள் பிறந்து நாற்பது நாள். ஆமாம், இருக்கிறாள் என்று எழுதினால், அப்படியானால் பன்னிரண்டு வருஷமாக யாருக்கு டிக் அடித்தாய் என்று கேட்பார்கள். பையன் பெயர் வேறாக இருக்கிறதே, கையை விட்ட அக்காக்கள் எத்தனையோ பேர் இருப்பார்களே என்று எனக்கு நானே வக்காலத்து வாங்கினேன். பிறகு பேனாவை எடுத்து, "பதிவேட்டின்படி இம்முகாமில் அப்படி எவரும் இல்லை" என்று எழுதி அனுப்பினேன். அன்றைக்கு மதியம் வழக்கம்போல் சாப்பிட்டேன் என்பதும் ஞாபகம் இருக்கிறது.

ஆறேழு வருஷம் கழித்து அந்தப் பக்கம் ஒரு கல்யாணத்துக்குப் போனபோது விடுதியைத் தேடினேன். மூடிவிட்டார்கள், அங்கே சிமென்ட் குடோன் இருந்தது. எதிரே பெட்டிக்கடைக்காரருக்கு அந்தப் பையனை நினைவிருந்தது. ஏதோ பதில் வந்த பிறகு யாரோடும் பேசாமல் இருந்தானாம். பதினெட்டு முடிந்ததும் பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டானாம். எங்கே என்று அவருக்குத் தெரியவில்லை.

அதன்பின் எனக்கு வேறு இடம், வேறு வேலை. பதிவேட்டில் தம்பி வளர்ந்து ஆளானதும் அவளுக்குப் பையன்களைப் பிடிக்கிற சிரமம் விட்டது. "வெளியூருக்கு பெயின்ட் வேலைக்குப் போயிருக்கான்" என்றால் போதும், பாதி ஆண்கள் அப்படித்தான் போயிருந்தார்கள். நான் ஓய்வு பெற்றேன். பழைய அறைகளை இடித்துப் புது வீடு கட்டினார்கள். போர்டில் அகதி என்பதை எடுத்துவிட்டு மறுவாழ்வு என்று எழுதினார்கள். செக்கிங்குக்கு விரல் ரேகை வைக்கிற மிஷின் வந்தது.

போன வருஷம் ஒரு நாள் காலையில் அவள் எங்கள் வீட்டுக்கு வந்து நின்றாள். எங்கள் தெருவில் தறிச் சத்தத்தில் பக்கத்தில் பேசுவதே கேட்காது. என் மனைவி யாரென்று தெலுங்கில் என்னிடம் கேட்டாள். எங்கள் வீட்டுப் பேச்சு அது. முகாமிலிருந்து வந்திருக்கிறாள் என்றேன். வந்தவளுக்குத் தலை முக்கால்வாசி நரைத்திருந்தது, முன்பல் அதே பாதியாகவே இருந்தது.

"ஐயா, மிஷின்ல வெரலு வைக்கணும்ங்காக. ஒரு மாசம் தவணை குடுத்துருக்காக. அதுக்குள்ள தம்பி வந்து வெரலு வைக்காட்டி பேர எடுத்துருவாகளாம்" என்றாள். பிறகு குரல் இறங்கிவிட்டது. "நீங்கதானே ஐயா இத்தனை வருசம் டிக் போட்டீங்க. அவன் இருந்தவன் எண்டு ஒரு கடிதம் எழுதித் தாங்கோ. உங்கட டிக் இருக்கு, உங்கட கையெழுத்தும் இருந்தா நம்புவினம்."

நான் உட்காரச் சொன்னேன். மனைவி தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். எங்கே தொடங்குவது என்று தெரியாமல் கடிதம் வந்த கதையை நடுவிலிருந்து சொன்னேன். மணல் திட்டு, காய்ச்சல், விடுதி, பதினாறு வயது. அவள் சட்டென்று என் மணிக்கட்டைப் பிடித்தாள், ஒரு கையால்.

"கரைக்கு வந்திட்டானோ?"

"வந்துட்டான்மா."

"உயிரோடயோ ஐயா? கரைக்கு வந்திட்டானோ?"

அதையே நாலைந்து தடவை கேட்டாள். இத்தனை வருஷமும் அவன் கடலில் போயிருப்பானோ என்று அவள் பயந்திருக்கிறாள் என்பதே எனக்கு அப்போதுதான் தெரிந்தது. அழுகையும் சிரிப்புமாக என் மனைவியைப் பார்த்து, "தம்பி கரையேறிட்டானாம் அக்கா" என்றாள். நான் அத்தோடு நிறுத்தியிருக்கலாம். நிறுத்தினால் நான் மனுஷனே இல்லை என்று தோன்றியது, அப்படி எவரும் இல்லை என்று நான் எழுதிய பதிலையும் சொன்னேன்.

இன்னொரு கையால் முகத்தைத் துடைத்தாள். பிறகு மெதுவாக, "அப்ப அவன் என்னத் தேடினவன். அட்டையில அவன்ட பேர் இருந்ததால நான் அவன்ட அக்கா இல்லையெண்டு ஆயிட்டுது" என்றாள். "நான்தான் ஐயா. எழுத வச்சது நான்தானே. நீங்க அட்டையப் பாத்து எழுதினீங்க."

பழியை அவளே எடுத்துக்கொண்டாள். வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும், நான் தப்பித்துவிடுவேன்.

"இல்லம்மா" என்றேன். "வேற வேற பிள்ளைகன்னு எனக்கு மொதல்லருந்தே தெரியும். கடுதாசியப் படிச்சப்பவே அது ஒன் தம்பிதான்னும் தெரியும். வேலை போயிரும்னு பயந்து எழுதினேன்."

அவள் என்னைத் திட்டவில்லை. திட்டினால் நன்றாக இருக்கும் என்று காத்திருந்தேன். என் கையை விட்டுவிட்டு, தெருவில் தறியோடுகிற திசையையே பார்த்துக்கொண்டிருந்தாள். என் மனைவி எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள்.

"கடிதம் எழுதுங்கோ ஐயா" என்றாள் கடைசியில். "இருந்தவன் எண்டு வேண்டாம். இல்லையெண்டு எழுதுங்கோ. தம்பி காணேல்லை, படகில விட்டவள், தேடுறாள் எண்டு எழுதுங்கோ. பேர வெட்டச் சொல்லுங்கோ. வெட்டினாத்தான் இனி அவன் தேடினா நான் அம்பிடுவன்."

எழுதினேன். விடுதி மூடியதை, அவன் போன இடம் தெரியாததை எல்லாம் அவளிடம் சொல்லியாகிவிட்டது. அவன் இனித் தேடுவான் என்பதற்கு ஒரு ஆதாரமும் இல்லை. பொய்யாக டிக் போட்டவன் நான்தான் என்று கீழே என் பெயரையும் பழைய பதவியையும் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். பென்ஷன் வாங்க ஆரம்பித்த பிறகு வந்த வீரம். வார்டன் கடிதத்தின் கடைசி வரியை மட்டும் நான் அவளிடம் சொல்லவில்லை. இனியும் சொல்ல மாட்டேன்.

அடுத்த செக்கிங்குக்கு நானும் பஸ் ஏறிப் போனேன். புது வீடுகள் மஞ்சள் அடித்து வரிசையாக நின்றன, ஒரு மரம் கிடையாது. எனக்குப் பழக்கமில்லாத சின்ன வயது அதிகாரி மடியில் மிஷினை வைத்துக்கொண்டு பெயர் வாசித்தார். நான் தள்ளி, தண்ணீர்த் தொட்டிப் பக்கம் நின்றேன். அவள் முறை வந்தது. எப்போதும் வருகிற அந்த 'இருக்கிறம் ஐயா' வரவில்லை.

"எத்தன பேரும்மா?"

"நான் மட்டும் ஐயா."

"அட்டையில ரெண்டு பேர் இருக்கே. தம்பி?"

"காணேல்லை."

அதிகாரி நான் எழுதிக் கொடுத்த கடிதத்தை ஒருமுறை பார்த்தார். அட்டையை வாங்கி, இரண்டாவது பெயரின் மேல் ஒரு கோடு இழுத்தார். விரலை வைக்கச் சொன்னார், வைத்தாள். அவர்கள் அடுத்த வீட்டுக்குப் போய்விட்டார்கள். அவள் உள்ளே போகவில்லை. புது வீட்டின் வாசல் நிலையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அங்கேயே நின்றாள்.